மரியா கிராத்சியா: இது ஒரு பெயரா, இரண்டு பெயரா?

நூலிழை

வணக்கம். திருப்பூரில் ஒரு பின்னலாடை ஏற்றுமதி நிறுவனத்தில் மெர்ச்சன்டைசராக இருக்கிறேன். மிலானில் இருந்து எங்களிடம் ஆடை வாங்கும் ஒரு பையருடன் மூன்று மாதமாக வேலை நடக்கிறது. அவருடைய மின்னஞ்சல்களின் அடியில் "மரியா கிராத்சியா" என்றும் அதற்கடுத்துக் குடும்பப் பெயரும் இருக்கும். நான் முதல் நாளிலிருந்தே "டியர் மரியா" என்றுதான் எழுதி வந்தேன், கிராத்சியா என்பது மிடில் நேம் என்று நினைத்துக்கொண்டு. நேற்று லேப் டிப் (சாய நிற மாதிரி) ஒப்புதல் அனுப்பியவர் கடைசியில் ஒரு வரி சேர்த்திருந்தார்: "என் பெயர் மரியா இல்லை, மரியா கிராத்சியா." கோபமாக எல்லாம் எழுதவில்லை, நல்லவிதமாகத்தான் சொன்னார். ஆனால் எனக்கு அது உறுத்திக்கொண்டே இருக்கிறது. மூன்று மாதமாக ஒருவரைத் தப்பான பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறேன்.

இணையத்தில் தேடினால் ஒரு தளம் "கடலின் அழகி" என்கிறது, இன்னொன்று "கசப்பான கருணை" என்கிறது. எது சரி? இது ஒரு பெயரா, இரண்டா? இன்னொரு சந்தேகம், சிலர் இதைச் சேர்த்து ஒரே சொல்லாக எழுதுகிறார்களே, அது வேறு பெயரா?

சொல்தேடி

அந்த இரண்டு தளங்களையும் மூடிவிடுங்கள். இரண்டு பாதியையும் தனித்தனியாக அகராதியில் பார்த்து ஒட்டினால் இப்படித்தான் வரும்.

மரியா என்பது எபிரேயத்து மிரியாம். அதற்கு என்ன பொருள் என்பதில் அறிஞர்களிடையே ஒருமித்த முடிவு இல்லை. "மர்" என்றால் கசப்பு, "யாம்" என்றால் கடல் என்று பிரித்துப் பழைய காலத்தில் பொருள் சொன்னார்கள், உங்கள் "கசப்பு" அங்கேயிருந்து வந்தது. எகிப்திய மொழியில் "அன்புக்குரியவள்" என்ற வேரோடு சேர்ப்பவர்களும் உண்டு. புனித ஜெரோம் லத்தீனில் "ஸ்தில்லா மாரிஸ்", அதாவது கடல் துளி என்று எழுதியது, ஏடு பெயர்த்து எழுதியவர்கள் கையில் "ஸ்தெல்லா மாரிஸ்" ஆகி, கடல் விண்மீன் ஆனது என்பது பரவலாகச் சொல்லப்படும் விளக்கம். ஓர் எழுத்து மாறியதில் துளி விண்மீனாகி, இத்தாலியில் மரியஸ்தெல்லா என்று பெண்களுக்குப் பெயராகவே வந்துவிட்டது. மாலுமிகளின் காவலி என்ற பட்டமும் அதனுடன் சேர்ந்துகொண்டது. எனக்கு இது எப்போதும் வியப்பான விஷயம்.

கிராத்சியா எளிது. லத்தீனில் "கிராத்தியா": அருள், தயை, பிடித்தமானவர்மேல் காட்டும் பரிவு. இத்தாலியர் நன்றி சொல்லும் "கிராத்சியே" இதே சொல்லின் பன்மை. நளினம், எழில் என்ற பொருளும் அதற்கு உண்டு, அதனால்தான் "அழகி" என்று எழுதுகிறார்கள். ஆனால் இந்தப் பெயரில் இருப்பது அந்த எழில் இல்லை. லூக்கா நற்செய்தியில் வானதூதர் மரியாளிடம் சொல்லும் வாழ்த்து லத்தீன் விவிலியத்தில் "கிராத்தியா ப்ளேனா", அருள் நிறைந்தவளே. அந்த அருள்தான்.

சரி, இப்போது முக்கியமான விஷயம். இத்தாலியில் "மரியா தெல்லே கிராத்சியே" என்பது மாதாவின் பட்டப்பெயர்களில் ஒன்று, அருள்களின் அன்னை. மிலானிலேயே அந்தப் பெயரில் ஒரு கோவில் இருக்கிறது. லியொனார்தோ டா வின்சி இறுதி இராவுணவை வரைந்தது அந்த மடத்தின் உணவுக்கூடச் சுவரில்தான். உங்கள் பையரின் பெயர் அந்தப் பட்டத்தின் சுருக்கம். ஆகவே மரியா ஒரு பெயர், கிராத்சியா ஒரு பெயர் என்று எண்ணாதீர்கள். இரண்டும் சேர்ந்துதான் ஒரு ஆளைச் சுட்டுகின்றன. நீங்கள் மரியா என்று மட்டும் எழுதியபோது அவருக்கு யாரோ வேறொருத்தியைக் கூப்பிட்டது போல இருந்திருக்கும்.

நேர்வழி

இவ்வளவு விளக்கம் தேவையா என்று தெரியவில்லை. மேரி கிரேஸ், அவ்வளவுதானே? நம் ஊரிலும் மேரி கிரேஸ் என்று பெயர் வைக்கிறார்கள், மேரி என்று கூப்பிட்டால் திரும்பிப் பார்க்கிறார்கள். எந்த நாட்டிலும் முதலில் இருப்பது பெயர், இரண்டாவது துணைப் பெயர். மரியாவின் ஆண்பால் மாரியோ. நேராகப் போகலாம்.

சொல்தேடி

நேர்வழி, மாரியோ மரியாவின் ஆண்பால் இல்லை. அது பழைய ரோமானியக் குலப்பெயர் மாரியுஸ் என்பதிலிருந்து வந்தது. ரோமானியப் பெண்களுக்குக் குலப்பெயரின் பெண்பால்தான் பெயர், அந்தக் குலத்துப் பெண்கள் கிறிஸ்தவம் வருவதற்கு முன்னாலேயே மரியா என்று அழைக்கப்பட்டார்கள். எபிரேயத்திலிருந்து வந்த மரியாவும் அந்த மரியாவும் ஒலியில் ஒன்றாகிவிட்டன. இன்று இத்தாலியரே மாரியோ, மரியா இரண்டையும் சோடியாக நினைக்கிறார்கள் என்பது உண்மை, ஆனால் வேர் வேறு.

மரியன்னா என்ற பெயரிலும் இதே சிக்கல். மரியா, அன்னா சேர்ந்தது என்று எல்லாரும் சொல்வார்கள். ஆனால் மாரியுஸ் குலத்தைச் சேர்ந்தவள் என்று பொருள்படும் "மாரியானா"வும் லத்தீனில் இருந்தது. இரண்டு ஆறும் ஒன்றாகக் கலந்த பிறகு எது எந்தத் தண்ணீர் என்று பிரிக்க முடியாது.

முதலில் இருப்பதுதான் பெயர் என்ற கணக்கும் அங்கே எடுபடாது. மரியாவை முன்னால் வைத்து ஆயிரக்கணக்கான பெண்களுக்குப் பெயர் வைத்த ஊரில் மரியா என்பதால் யாரையும் அடையாளம் காட்ட முடியாது. அடையாளம் காட்டுவது இரண்டாவது பாதி. தெருவில் நின்று மரியா என்று கூப்பிட்டால் எத்தனை வீட்டுக் கதவு திறக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

பலெர்மோ அக்கா

வணக்கம் பிள்ளைகள். நான் யாழ்ப்பாணம், சிசிலியில் பலெர்மோவுக்கு வந்து இருபது வருசம் தாண்டிவிட்டது. வயது போன ஆட்களைப் பார்க்கிற வேலை. இப்போது நான் பார்க்கிற அம்மாவுக்கு 86 வயது, பெயர் இதே மரியா கிராத்சியா. அதனால்தான் எழுத வந்தேன்.

இங்கே யாரும் முழுப்பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. சொல்தேடித் தம்பி சொன்ன மாதிரி மரியா என்றும் கூப்பிடுவதில்லை. எதிர்வீட்டு பல்கனியில் நிற்கிற மனிசி கூப்பிடுவது "மரியக்ரா!" அவ்வளவுதான், மிச்சம் வெட்டி விடுவார்கள். கார்மேலா என்றால் "கார்மே!", கொன்செத்தா என்றால் "கொன்சே!". அழுத்தம் விழுகிற இடத்தில் நிறுத்தி, கடைசி ஒலியை இழுக்கிறது. வந்த புதிதில் அந்தக் குரல்களைக் கேட்டு யார் யாரைக் கூப்பிடுகிறார்கள் என்றே எனக்கு விளங்காது. ஒரு வருசம் போன பிறகு நானும் அப்படியே கூப்பிடத் தொடங்கிவிட்டேன்.

பெயர் வைக்கிறதில் இந்தப் பக்கம் ஒரு முறை இருக்கிறது. முதல் மகளுக்கு அப்பம்மாவின் பெயர், அடுத்த மகளுக்கு அம்மம்மாவின் பெயர். இப்போதைய பிள்ளைகள் அவ்வளவு பார்ப்பதில்லை, ஆனால் நான் பார்க்கிற அம்மாவின் தலைமுறையில் அதை மீறினால் குடும்பத்துக்குள் கதை நின்றுவிடும். அப்பம்மா பெயர் கிராத்சியா என்றால் பேத்தியும் கிராத்சியா, சித்தப்பாவின் மகளும் கிராத்சியா, மாமியின் மகளும் கிராத்சியா. அப்போது ஒருத்தி மரியா கிராத்சியா, ஒருத்தி அன்னா கிராத்சியா, ஒருத்தி கிராத்சியெல்லா. எங்கள் அம்மாவின் வீட்டில் இப்படி நான்கு பேர், சுவரில் இருக்கிற கல்யாணப் படத்தில் வரிசையாக நிற்கிறார்கள். அம்மா விரலால் தொட்டுத் தொட்டு ஒவ்வொருத்தி பெயரும் சொல்லுவார்.

சொல்தேடி

அக்கா, அந்த விளி எவ்வளவு அருமையான விஷயம்! தமிழில் முருகன் என்பது முருகா ஆகிறதே, ஈறு கெட்டு கடைசி நீள்வது, அதையே நினைவூட்டுகிறது. இரண்டுக்கும் தொடர்பு ஒன்றும் இல்லை, தூரத்தில் இருக்கிறவரைக் கூப்பிடும் வாய்க்கு எங்கேயும் ஒரே தேவைதான்.

பாட்டி பெயரைப் பேத்திக்கு வைப்பது நமக்குப் புதிதா? பேரன் என்ற சொல்லே பெயரன், பேத்தி என்பது பெயர்த்தி. தாத்தா பாட்டியின் பெயரைச் சுமப்பவர்கள் என்பதை உறவுச்சொல்லிலேயே வைத்திருக்கிறோம்.

அப்புறம் அன்னா கிராத்சியா பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். அன்னா என்பது எபிரேயத்து ஹன்னா, அதற்கே அருள், தயை என்றுதான் பொருள். ஆக அந்தப் பெயர் முழுக்க எபிரேயத்தில் ஒரு அருள், லத்தீனில் ஒரு அருள்.

முத்துநகரான்

நான் தூத்துக்குடி. இந்த இழையைப் படிக்கப் படிக்க எங்கள் வீட்டுக் குடும்ப அட்டையைப் படிப்பது போலவே இருக்கிறது. ஆச்சி அமலோற்பவ மேரி, பெரியம்மா வியாகுல மேரி, அம்மா ஜெபமாலை மேரி, அக்கா பனிமய மேரி. சின்ன வயதில் பள்ளியில் இதென்ன பெயர் என்று கேட்பார்கள். இத்தாலியில் இப்படி ஒரு வரிசையே இருக்கிறதா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

எங்கள் ஆச்சி ஜெபமாலை சொல்லும்போது "அருள் நிறைந்த மரியே" என்று சொல்ல மாட்டார்கள். "பிரியதத்தத்தினாலே பூரண மரியாயே வாழ்க" என்றுதான் சொல்வார்கள், அவர்களுக்கு அவர்களுடைய ஆச்சி சொல்லிக்கொடுத்தது. சொல்தேடி சொன்ன கிராத்தியாதான் அந்தப் பிரியதத்தம் என்று இன்றைக்குத்தான் புரிகிறது. சாகும் வரைக்கும் அந்தச் சொல்லை மாற்றவே இல்லை.

சொல்தேடி

முத்துநகரான், உங்கள் குடும்பத்தை அப்படியே இத்தாலியில் வைக்கலாம். இதில் எனக்கு நிறைய ஆர்வம் உண்டு, கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

ஆச்சி அமலோற்பவ மேரி அங்கே மரியா கொன்செத்தா, அல்லது மரியா இம்மகொலாத்தா. கொன்செத்தா என்றால் "கருவுற்றவள்" என்று சிலர் தவறாக எழுதுகிறார்கள். அது "கருவாக உருவானவள்". மாசில்லாமல் உற்பவித்தவள் என்பதன் கடைசிச் சொல் மட்டும் பெயராக நிற்கிறது. விழா டிசம்பர் 8. பயஸ் ஒன்பதாம் திருத்தந்தை 1854 டிசம்பர் 8 அன்று அதைக் கோட்பாடாக அறிவித்தார். அந்தத் திருத்தந்தையின் சொந்தப் பெயர் ஜொவான்னி மரியா, ஆமாம், ஆண்தான். இத்தாலியில் ஆண்களுக்கும் மரியாவை இரண்டாவதாகச் சேர்ப்பது உண்டு, மாதாவின் காவலில் பிள்ளையை ஒப்படைப்பதற்கு. நடிகர் ஜான் மரியா வொலொந்தே பெயரில் இருப்பதும் அதே மரியாதான்.

பெரியம்மா வியாகுல மேரி அங்கே மரியா அத்தொலொராத்தா. செப்டம்பர் 15. துயருற்ற தாய். தென்னித்தாலியில் பெரிய வெள்ளியன்று கறுப்பு உடை உடுத்திய அந்தத் தாயின் சுரூபத்தைத் தெருவில் தூக்கிச் செல்வார்கள். பெண்குழந்தைக்குத் துயரம் என்று பெயர் வைப்பார்களா என்று கேட்பவர்கள் உண்டு. வியாகுலம் என்று வைத்த நம் ஊர்க்காரர்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

அம்மா ஜெபமாலை மேரி அங்கே மரியா ரொசாரியா. அக்டோபர் 7, 1571இல் லெபாந்தோ கடற்போர் நடந்த நாள் அது. நேப்பிள்ஸ் பக்கம் இந்தப் பெயர் ஏராளம். அருகில் பொம்பேயில் ஜெபமாலை மாதா திருத்தலம் இருக்கிறது. அங்கே இருக்கும் படத்தை பர்த்தோலோ லோங்கோ என்ற வழக்கறிஞர் 1875இல் வரவழைத்தார், எரு ஏற்றும் வண்டியில்தான் அது வந்து சேர்ந்தது. இன்று அந்தப் படத்துக்குப் பெரிய பசிலிக்கா. லோங்கோவை 2025 அக்டோபரில் புனிதராக அறிவித்தார்கள்.

அக்கா பனிமய மேரிதான் எனக்கு மிகவும் பிடித்தவர். ரோமில் சாந்தா மரியா மஜ்ஜோரே கோவில், ஆகஸ்ட் 5, கொளுத்தும் வெயிலில் எஸ்குயிலின் குன்றின்மேல் பனி விழுந்து கோவில் எழுப்ப இடம் காட்டியது என்ற மரபுக்கதை. இன்றும் அந்த நாளில் கோவில் கூரையிலிருந்து வெள்ளை மலரிதழ்களைப் பனி போலக் கொட்டுகிறார்கள். பனியே பெய்யாத தூத்துக்குடியில் அதே ஆகஸ்ட் 5 அன்று பனிமய மாதா திருவிழா. இத்தாலியில் பெண்களுக்கு நேவே, மரியா தெல்லா நேவே என்று பெயர் இருக்கிறது. உங்கள் அக்காவுக்கு அங்கே பெயர்த்துணை உண்டு.

இவை தவிர அசுன்தா, விண்ணேற்பு, ஆகஸ்ட் 15. கார்மேலா, ஜூலை 16. அன்னுன்சியாத்தா, மார்ச் 25, அவரை வீட்டில் நுன்சியா என்பார்கள். நம் நூலிழையின் பையருக்குப் பல ஊர்களில் ஜூலை 2. பிறந்தநாள் போலவே பெயர்நாளும், அதாவது பெயருக்குரிய விழா நாளும், அங்கே ஒரு நாள், குறிப்பாகத் தெற்கில். ஆகவே கூட்டுப்பெயரின் இரண்டாம் பாதி பொருளை மட்டும் சொல்லவில்லை, ஒரு தேதியையும் சொல்கிறது. அந்தத் தேதியில் பிறந்ததாலோ நேர்ந்துகொண்டதாலோ வைத்த பெயர்கள் நிறைய.

நம் பக்கத்துக்கும் ஒரு இத்தாலியர் இந்த வழக்கத்தைக் கையோடு கொண்டுவந்தார். 1680இல் காஸ்திலியோனேயில் பிறந்த பெஸ்கி, நம் வீரமாமுனிவர். ஏலாக்குறிச்சியில் மாதாவுக்கு அடைக்கல மாதா, கோணான்குப்பத்தில் பெரியநாயகி. இடத்துக்கு ஒரு பட்டம் சூட்டும் அதே இத்தாலிய முறை, சொல் மட்டும் சுத்தத் தமிழ். அடைக்கல மேரி என்று எத்தனை பெண்கள் இருக்கிறார்கள் அந்தப் பக்கம்!

நேர்வழி

சரி, மாரியோ விஷயத்தில் நான் சொன்னது தவறு, ஒப்புக்கொள்கிறேன். பட்டப்பெயர் என்பதும் புரிகிறது. ஆனால் ஒரு கேள்வி நியாயமானது என்று நினைக்கிறேன். எல்லாக் கூட்டுப்பெயரும் மாதாவைப் பற்றியதா? அன்னலிசா, ரொசால்பா என்றெல்லாம் கேள்விப்பட்டிருக்கிறேன். அவற்றில் என்ன பட்டம் இருக்கிறது?

சொல்தேடி

நியாயமான கேள்வி. நான் எழுதியது மரியா வகைக்கு மட்டும்தான் பொருந்தும்.

அன்னலிசா என்பது அன்னா, லிசா. இதில் பட்டம் எதுவும் இல்லை, ஒலி நயத்துக்காகச் சேர்ந்தது. அன்னரீத்தா வேறு கதை, கஷியா ஊர் ரீத்தா 1900இல் புனிதராக அறிவிக்கப்பட்டார், அவர்மேல் உள்ள பக்தியோடு பரவிய பெயர் அது. ரீத்தா என்பதே மார்கெரீத்தாவின் வால். ரொசால்பா என்றால் ரோசா, ஆல்பா: வெள்ளை ரோசா என்றும் கொள்ளலாம், ஆல்பா என்றால் விடியல் என்பதால் விடியல் ரோசா என்றும் கேட்கும். 1673இல் வெனிசில் பிறந்த ஓவியர் ரொசால்பா கார்ரியேரா அந்தப் பெயர்க்காரர், ஆக அது இன்றைய கண்டுபிடிப்பு இல்லை. மரிலேனா மரியாவும் எலேனாவும், மரியாஞ்சலா மரியாவும் ஆஞ்சலாவும், நடுவில் உயிர் கெட்டுவிட்டது. நம் புணர்ச்சி விதி படித்தவர்களுக்கு இது கண்ணில் படாமல் போகாது.

லொரெதானா கூட்டுப்பெயர் போலவே ஒலிக்கும், ஆனால் இல்லை. அது லொரெதான் என்ற வெனிசுக் குடும்பப் பெயரிலிருந்து வந்தது. இதற்காகத்தான் நான் ஒலியை வைத்துப் பிரிக்காதீர்கள் என்கிறேன்.

இன்னொரு பக்கமும் உண்டு. மூன்று பெயர் இருந்தாலும் கூட்டுப்பெயர் ஆகாத ஆட்கள். 1870இல் பிறந்த மொந்தெசோரி அம்மையாரின் பெயர் மரியா தெக்லா ஆர்தெமீசியா. 1939இல் சென்னை அடையாறுக்கு வந்து, போர்க்காலத்தில் கொடைக்கானலில் தங்கிப் பயிற்சி நடத்தினாரே, அவர்தான். அவர் வெறும் மரியா. தெக்லாவும் ஆர்தெமீசியாவும் பதிவேட்டிலேயே நின்றுவிட்டன. ஆனால் மிலானில் 1718இல் பிறந்த கணித அறிஞர் ஆன்யேசி, மரியா கயெத்தானா என்றே அறியப்படுகிறார். இரண்டு பேருக்கும் எழுத்தில் முதலில் மரியாதான். எது சேர்ந்து நிற்கிறது, எது உதிர்ந்துபோகிறது என்பது அந்த ஆள் தன் பெயரை எப்படிச் சொல்கிறார் என்பதில் இருக்கிறது.

கட்டம்போடுபவன்

நான் மென்பொருள் ஆள், ஒரு ஐரோப்பிய நிறுவனத்துக்காக வாடிக்கையாளர் தரவுத்தளம் வேலை செய்தபோது இந்தப் பெயர்களோடு மல்லுக்கட்டியிருக்கிறேன். சொல்தேடி சொல்வது பண்பாட்டுப் பக்கம், அதற்கு ஒரு சட்டப் பக்கமும் இருக்கிறது, அது ஒரு காற்புள்ளியில் நிற்கிறது.

இத்தாலியில் 2000ஆம் ஆண்டின் 396ஆம் எண் குடியரசுத் தலைவர் ஆணை, பிரிவு 35. குழந்தைக்கு ஒரு பெயரோ, பல பெயரோ வைக்கலாம், மூன்றுக்கு மேல் கூடாது. பின்னால் வந்த திருத்தம் காற்புள்ளியைப் பற்றிப் பேசுகிறது: பெயர்களுக்கு நடுவில் காற்புள்ளி இருந்தால் சான்றிதழ்களில் முதல் பெயர் மட்டும் வரும். காற்புள்ளி இல்லாமல் "மரியா கிராத்சியா" என்று பதிந்தால் முழுதும் வரும், கையெழுத்தும் முழுதாகவே போட வேண்டும். "மரியா, கிராத்சியா" என்று பதிந்தால் சான்றிதழில் அவர் வெறும் மரியா. சேர்த்து ஒரே சொல்லாக எழுதினால் அது ஒரே பெயர். பொருளில் மூன்றும் ஒன்றுதான், காகிதத்தில் மூன்று வேறு ஆட்கள்.

இதில் நேரடியாக அடிபடுவது அவர்களுடைய வரி எண், கோதிசே ஃபிஸ்காலே. பதினாறு எழுத்தும் எண்ணும். நம் பான் போல, ஆனால் அங்கே மருந்துச் சீட்டு முதல் சிம் கார்டு வரை எல்லாவற்றுக்கும் வேண்டும். அது பெயரிலிருந்தே கணக்கிடப்படுகிறது. குடும்பப் பெயரிலிருந்து மூன்று எழுத்து, சொந்தப் பெயரிலிருந்து மூன்று எழுத்து, பிறகு பிறந்த ஆண்டு, மாதம், நாள், ஊர். பெண் என்றால் பிறந்த நாளோடு 40 கூட்டுவார்கள், 2ஆம் தேதி பிறந்தவருக்கு 42.

சொந்தப் பெயரில் மெய்யெழுத்துகளை மட்டும் எடுக்க வேண்டும். நான்கோ அதற்கு மேலோ இருந்தால் ஒன்றாவது, மூன்றாவது, நான்காவது. மரியா கிராத்சியாவை ரோமன் எழுத்தில் எழுதினால் மெய்கள் எம், ஆர், ஜி, ஆர், இசட். இப்போது ஒன்று, மூன்று, நான்கை எடுங்கள்.

எம், ஜி, ஆர்.

விளையாட்டுக்குச் சொல்லவில்லை, காற்புள்ளி இல்லாமல் பதிந்த ஒவ்வொரு மரியா கிராத்சியாவின் வரி எண்ணிலும் நான்காவது எழுத்திலிருந்து எம்ஜிஆர்தான். நான் முதன்முதலில் திரையில் பார்த்தபோது நாற்காலியை விட்டு எழுந்து பக்கத்து மேசை நண்பனைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

ஆனால் அதே பெண்ணை மரியா என்று மட்டும் பதிந்தால்? மெய்கள் இரண்டுதான், எம், ஆர். குறைவதற்கு உயிரெழுத்தைச் சேர்த்து எம்ஆர்ஏ. கிராத்சியா என்று மட்டும் பதிந்தால் ஜிஆர்இசட். பெயரின் பாதியை விட்டால் எண்ணே மாறுகிறது. கணினியைப் பொறுத்தவரை அது வேறொரு பெண்.

பலெர்மோ அக்கா

கட்டம்போடுபவன் தம்பி, நீங்கள் எழுதினது எனக்கு நெஞ்சில் குத்தின மாதிரி இருந்தது. போன வருசம் இதுதான் எங்களுக்கு நடந்தது, ஏன் நடந்தது என்று இன்றைக்குத்தான் முழுதாக விளங்குது.

அம்மாவுக்குக் கண் மருத்துவரிடம் போக வேண்டியிருந்தது. சீட்டு எழுதினவர்கள் அவரை எல்லாரும் கூப்பிடுகிற மாதிரி கிராத்சியா என்று மட்டும் பதிந்துவிட்டார்கள். அதைக் கொண்டுபோய்க் கவுண்டரில் கொடுத்தால், எண் பொருந்தவில்லை, இப்படி ஒரு ஆள் இல்லை என்றார்கள். ஆள் சக்கர நாற்காலியில் எனக்குப் பக்கத்தில் இருக்கிறார். "நான் இருக்கிறேனே" என்று அம்மா சொன்னார், அந்தப் பிள்ளை திரையைத்தான் பார்த்தது. ஜூலை வெயிலில் இரண்டு தரம் போய்த் திரும்பி வந்தோம். இரண்டாம் தரம் வீட்டுக்கு வந்த பிறகு அம்மா தன்ர அடையாள அட்டையை மடியில் வைத்து, பெயரின் மேல் விரலை வைத்து, மரியா, கிராத்சியா என்று மெல்ல மெல்ல வாசித்தார். நான் அழுதுவிட்டேன்.

பிறகு அவருடைய பெறாமகன் கொமூனே என்கிற நகரசபைக்குப் போய்ப் பிறந்த பதிவை எடுத்தார். அதில் இரண்டு பெயரும் இருந்தது. வீட்டில் பழைய காகிதங்களில் சிலதில் ஒரு பெயர், சிலதில் இரண்டு பெயர். பழைய ஆட்களுக்கு எல்லாம் இப்படித்தான் என்று சொன்னார்கள்.

கட்டம்போடுபவன்

அக்கா, அதற்கு அதே ஆணையில் வழி இருக்கிறது, பிரிவு 36. அந்த ஆணை நடைமுறைக்கு வருவதற்கு முன் பல பெயர்களோடு பதிவானவர்கள், சான்றிதழ்களில் தங்கள் பெயர் சரியாக எப்படி வர வேண்டும் என்று எழுத்தில் அறிவிக்கலாம். பிறந்த பதிவு இருக்கும் ஊரின் குடிப்பதிவு அலுவலரிடம் கொடுக்க வேண்டும். அவருடைய பெறாமகனிடம் இந்தப் பிரிவு எண்ணைச் சொல்லுங்கள்.

பலெர்மோ அக்கா

நன்றி தம்பி. எழுதி வைத்திருக்கிறேன், இரவு அவரிடம் சொல்லுகிறேன்.

இன்னொன்றும் சொல்ல வேணும். இங்கே பிறந்த எங்கட பிள்ளைகள் பலருக்கு ரொசாலியா என்று பெயர். பலெர்மோவின் காவலி சாந்தா ரொசாலியா, 1624இல் கொள்ளைநோய் வந்தபோது காப்பாற்றினவ. பெல்லெக்ரீனோ மலையில் அவவின் குகைக் கோவில், ஞாயிற்றுக்கிழமையில் ஏறிப் பார்த்தால் எங்கட தமிழ்ச் சனம், வேதக்காரர் மட்டும் இல்லை, சைவக்காரரும் பூவோடு நிற்பார்கள். என்ர தோழி தன் மகளுக்கு மரியா ரொசாலியா என்று வைத்தா. வீட்டில் தமிழ்ப் பெயர், பள்ளியில் லியா. அந்தப் பிள்ளைக்கும் இந்தக் காற்புள்ளிக் கதையைச் சொல்லப் போகிறேன்.

முத்துநகரான்

இந்தப் பெயர்கள் இப்போது அங்கே வைக்கிறார்களா? எங்கள் பக்கம் வியாகுலம், அமலோற்பவம் எல்லாம் என் தலைமுறையோடு நின்றுபோச்சு. என் மகள் பெயரே ஷெரின்தான். அக்கா மட்டும் அப்பப்போ கேட்பாள், உன் மகளுக்கு ஏன் ஆச்சி பெயர் வைக்கவில்லை என்று.

சொல்தேடி

அங்கேயும் அதே நிலைதான். இப்போது பிறக்கும் பெண்குழந்தைகளுக்கு சோஃபியா, அவுரோரா, ஜூலியா போன்ற பெயர்களே முன்னணியில். மரியா கிராத்சியா, மரியா தெரேசா, அன்னா மரியா என்றால் இரண்டாம் உலகப் போருக்கு முன்னும் பின்னும் பிறந்தவர்கள் என்று பெரும்பாலும் ஊகித்துவிடலாம். ஆனால் பெயர் மறைந்துவிடவில்லை. டியோர் ஆடை நிறுவனத்தின் முதல் பெண் படைப்புத் தலைவராக 2016இல் வந்து 2025 வரை இருந்த மரியா கிராத்சியா கியூரி, 1964இல் ரோமில் பிறந்தவர். நூலிழை, ஆடைத் தொழிலில் இருக்கும் உங்களுக்கு அவரைத் தெரிந்திருக்கும். அவரை யாராவது மரியா கியூரி என்று எழுதிப் பார்த்திருக்கிறீர்களா?

நூலிழை

இல்லை! அவர் பெயரை எத்தனை தடவை முழுசாகப் படித்திருக்கிறேன், ஒரு நாளும் தோன்றவில்லையே.

எல்லாருக்கும் நன்றி. இன்று காலை அவருக்கு எழுதினேன். மூன்று மாதம் தப்பாக அழைத்ததற்கு மன்னிப்புக் கேட்டு, தமிழில் அருள் மேரி என்று இதே பெயர் இருக்கிறது, தூத்துக்குடியில் ஒருவர் வீட்டில் பிரியதத்தம் என்று சொல்வார்கள் என்றும் எழுதினேன். மதியம் பதில் வந்தது, வழக்கமாக இரண்டு வரி எழுதுகிறவர் ஒரு பக்கம் எழுதியிருக்கிறார். கிராத்சியா அவருடைய அப்பாவின் அம்மா பெயராம், தென்னித்தாலியில் புல்லியா பக்கத்துக்காரர். அவர் அம்மாவுக்கு அந்தப் பெயர் பிடிக்கவில்லை. மரியாவை முன்னால் சேர்த்தால்தான் ஒப்புக்கொள்வேன் என்று மூன்று நாள் பேச்சு நடந்ததாம். பாட்டி கடைசி வரைக்கும் அந்த மரியாவைச் சொல்லவே இல்லை, அம்மா ஒரு நாளும் அதை விட்டுச் சொன்னதில்லை. "அதனால்தான் இரண்டையும் சேர்த்துக் கேட்டால் எனக்கு வீடு மாதிரி இருக்கும்" என்று எழுதியிருந்தார்.

சொல்தேடி, நீங்கள் சொன்ன பட்டம், தேதி எதுவும் அவர் கதையில் இல்லை, பலெர்மோ அக்கா சொன்னதுதான் நடந்திருக்கிறது.

எங்கள் கணினியில் அவர் பெயர் இரண்டு கட்டங்களில் பிரிந்து கிடந்தது, முதல் பெயர் மரியா, நடுப்பெயர் கிராத்சியா. இரண்டையும் முதல் கட்டத்திலேயே காற்புள்ளி இல்லாமல் போட்டுவிட்டேன். நாளைக்கு சாம்பிள் பார்சல் கிளம்புகிறது, லேபிளைப் புதிதாக அச்சடித்து ஒட்டச் சொல்லியிருக்கிறேன்.

பலெர்மோ அக்கா

அம்மாவுக்கு இதை வாசித்து இத்தாலியனில் சொன்னேன். மிலானில் இருக்கிற பிள்ளையின் பாட்டி சரி, கிராத்சியா என்றால் கிராத்சியாதான் என்கிறார். இவ்வளவு நேரமும் அதைத்தான் கதைத்துக்கொண்டிருக்கிறார்.